காதில் சொன்ன சாவுகள்

பொலோட்டா முதல் முறை செத்தபோது டெல்ஃபினாவுக்கு ஐந்து வயது.

பொலோட்டா ஒரு நாய். பழுப்பு நிறம், குட்டைக் கால். பால்பண்ணை ஊரான டுலேரியில் அவர்கள் வீட்டு வால்நட் மரத்தடியில் படுத்துத் தூங்குவதைத் தவிர அது வேறு வேலை செய்து யாரும் பார்த்ததில்லை. அது செத்ததோ மூன்று மணி நேரப் பயணத் தூரத்தில், லாஸ் ஏஞ்சலஸில், ஒரு பால் விளம்பரப் படப்பிடிப்பில். நாய் அந்த ஊர்ப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுத்ததில்லை.

விளம்பரத்தில் குழந்தையின் கையிலிருந்து பால் டம்ளர் விழ வேண்டும், குழந்தை அழ வேண்டும். டம்ளர் ஒழுங்காக விழுந்தது. டெல்ஃபினா சிரித்தாள். மறுபடி விழுந்தது, மறுபடி சிரித்தாள். பால் கறக்கிறவனின் மகளுக்குச் சிந்திய பாலைப் பார்த்து அழுகை எங்கிருந்து வரும்? இயக்குநர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். வேறு குழந்தையைக் கூட்டி வரலாமா என்று யாரோ கேட்டது, விளக்குகளுக்குப் பின்னால் கைப்பையை அணைத்துக்கொண்டு நின்ற அவள் அம்மா ஒடீலியாவின் காதில் விழுந்தது. அவள் கேபிள்களைத் தாண்டி வந்தாள். மகளின் முன்னால் குனிந்து, முடியை ஒதுக்கி, காதோடு வாய்வைத்துச் சொன்னாள்.

"கண்ணு, அப்பா போன் பண்ணாரு. பொலோட்டா லாரியில அடிபட்டுச் செத்துப்போச்சாம்."

குழந்தை அழுத அழுகையில் ஒலிப்பதிவு செய்தவர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றிவிட்டார். படம் பிடித்து முடிந்த கையோடு ஒடீலியா ஓடிவந்து மகளை அள்ளிக்கொண்டாள்.

"பொய்டி. சும்மா சொன்னேன். எல்லாம் பொய். பொலோட்டா வீட்டுல இருக்கு."

"நிஜமா பொய்யா?"

"நிஜமா பொய்."

வழியில் ஐஸ்கிரீம் கிடைத்தது. வீட்டுக்கு வந்ததும் நாய் மரத்தடியில் கிடந்தபடியே வாலை ஒருமுறை ஆட்டிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டது.

இந்த இடத்திலேயே ஒடீலியாவைத் திட்ட ஆரம்பிக்கிறவர்கள் கொஞ்சம் பொறுக்க வேண்டும். பத்தொன்பது வயதில் அசோர்ஸ் தீவிலிருந்து ஒரு பெட்டியோடு வந்தவள் அவள். கணவன் அடேலினோ விடியும் முன்பே எழுந்து அடுத்தவன் மாட்டைக் கறந்தான். இவள் பழத்தை டப்பாவில் அடைக்கும் கேனரியில் பீச் பழத்தைக் கொட்டை நீக்கினாள். வெயில் காலத்தில் இரண்டு பேரும் ஒருவர் வாசனை ஒருவருக்கு ஆகாமல் ஆளுக்கொரு பக்கம் திரும்பிப் படுத்தார்கள். தீவுக்காரர்கள் மண்டபத்தில் வருஷா வருஷம் நடக்கும் ஃபெஸ்டா திருவிழாவில், ராணி வேஷம் போட்டு ஊர்வலம் போன பெண்பிள்ளைகளில் டெல்ஃபினா மட்டும் நடந்துகொண்டே வாய்திறந்து பாடினாள். அதைப் பார்த்த யாரோ ஒருவர் ஒரு விளம்பரக் கம்பெனியின் முகவரி கொடுத்தார். ஒடீலியா அதைப் பிடித்துக்கொண்டாள். "சாணி மிதிக்காத கால் ஒன்னாவது இந்த வீட்டுல இருக்கட்டும்" என்பது அவள் பேச்சு. அடேலினோ தன் காலைக் குனிந்து பார்த்துக்கொண்டான்.

விளம்பரத்திலிருந்து தொலைக்காட்சித் தொடர் வந்தது. ஊருக்கு ஊர் மாற்றப்படும் அநாதைப் பெண் வேஷம். அம்மாவும் மகளும் லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் பர்பேங்கில் ஓர் அறை எடுத்துத் தங்கினார்கள். தொடர் ஓடிய வருஷங்களில் வாரத்துக்கு ஓர் அழுகையாவது இருந்தது. பொலோட்டா கால்வாயில் மூழ்கியது. பக்கத்துப் பண்ணைக்காரன் சுட்டுவிட்டான். பாம்பு கடித்தது. நாயின் சாவு மகளுக்குப் பழகிப்போனபோது தீவிலிருந்த மாமா கடலுக்குப் போய்த் திரும்பவில்லை. மாமாவும் தீர்ந்தபோது அடேலினோவையே பசு உதைத்துக் கொன்றது. ஒவ்வொரு சாவுக்கும் பிறகு அதே அணைப்பு, அதே கேள்வி, அதே பதில். மகளுக்கு நம்பிக்கை போய்விட்டதா என்றால், அதுதான் இல்லை. காதில் சொல்லும்போது நம்பினாள், பொய் என்றபோது அதையும் நம்பினாள். இரண்டுக்கும் நடுவில் இருந்த அந்தச் சில நிமிஷம்தான் அமெரிக்கா முழுவதும் வரவேற்பறையில் உட்கார்ந்து பார்த்தது.

பதினோரு வயதில் அவள் ஒன்றைக் கவனித்தாள். அம்மா காதில் மாமாவைச் சொல்கிறாள், அப்பாவைச் சொல்கிறாள், நாயை மட்டும் விட்டுவிட்டாள். ஏன் என்று கேட்கத் தோன்றவில்லை. கிறிஸ்துமஸுக்கு வீட்டுக்குப் போனபோது வால்நட் மரத்தடி காலியாக இருந்தது. அடேலினோ மகளைக் கூட்டிப்போய் வேலியோரம் ஒரு சின்ன மேட்டைக் காட்டினான். வசந்த காலத்திலேயே போய்விட்டதாம். தூக்கத்தில்.

"அம்மாவுக்குத் தெரியுமா?"

"அன்னைக்கே சொல்லிட்டேனே."

டெல்ஃபினா அன்று ஒரு கணக்குப் போட்டுக்கொண்டாள். அம்மா வாயால் சொல்கிற சாவு பொய். அம்மா சொல்லாமல் விடுகிற சாவுதான் மெய். பிறகு வந்ததெல்லாம் அந்தக் கணக்கை உறுதிப்படுத்தியது. அவளுக்கு இருபத்துமூன்று வயதில் அடேலினோ மாரடைப்பில் விழுந்தபோது அவளுக்குச் சொன்னது அத்தை சுல்மிராதான். அடேலினோவின் தங்கை. ஒடீலியா பக்கத்தில் இருந்தும் போனை வாங்கவில்லை. பெற்ற தாய்க்கு அந்தச் செய்தியைத் தன் வாயால் சொல்ல முடியவில்லை என்பது ஊருக்குப் புரிந்தது. மகளுக்குக் கணக்கு மட்டுமே புரிந்தது.

வளர்ந்த பிறகும் டெல்ஃபினாவை அழத்தான் கூப்பிட்டார்கள். மருத்துவமனைத் தொடர்களில் கண்ணாடிச் சுவருக்கு வெளியே நிற்கும் தங்கை. நீதிமன்றத் தொடர்களில் சாட்சிக்கூண்டில் உடையும் மனைவி. இப்போது காதில் சொல்ல ஆளில்லை, அவளே மனசுக்குள் சொல்லிக்கொண்டாள். நாய், மாமா, அப்பா. நன்றாகவே போயிற்று, முப்பத்துமூன்று வயதில் ஒருநாள் அழுகை வராமல் போகும்வரை. குழந்தையைப் பறிகொடுத்த தாயின் வேஷம். நாயைச் சொல்லிப் பார்த்தாள். அப்பாவைச் சொல்லிப் பார்த்தாள், அவர் நிஜமாகவே செத்துப் பத்து வருஷம் ஆகியிருந்தது. கண் வறண்டு கிடந்தது. ஒப்பனைப் பெண் ஒருத்தி வந்து கண்ணுக்குக் கீழே மெந்தால் குச்சியை லேசாகத் தடவினாள். கண்ணீர் தாரையாகக் கொட்டியது. பிறகு திரையில் போட்டுப் பார்த்தபோது நிஜ அழுகைக்கும் இதற்கும் அவளுக்கே வித்தியாசம் தெரியவில்லை. அடிப்பாவி, ஒரு குச்சியில் முடிகிற காரியத்துக்கா இத்தனை பேரைச் சாகடித்தாய் என்று நினைத்தபோது அவளுக்குச் சிரிப்பு வந்தது, பிறகு கோபம் வந்தது.

அதே வருஷம் இன்னொன்றும் நடந்தது. நல்ல படம் ஒன்றில், அழவே தேவையில்லாத ஒரு வேஷத்துக்கு அவளைக் கடைசித் தேர்வுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். அன்று காலை ஒடீலியாவிடமிருந்து போன். நெஞ்சு வலிக்கிறது, கை மரத்துப்போகிறது, கண்ணு, உன்னைப் பார்த்துவிட்டுப் போகிறேன். டெல்ஃபினாவின் கணக்கு அந்த ஒருநாள் பயத்தில் நழுவியது. தேர்வை விட்டுவிட்டு டுலேரிக்குக் காரை விரட்டினாள். வீடு பூட்டியிருந்தது. மண்டபத்துச் சமையற்கட்டில் ஒடீலியா இடுப்பில் துணி கட்டிக்கொண்டு, ஒரு ஆளைக் குளிப்பாட்டுகிற அளவு பாத்திரத்தில் சோப்பாஸ் என்கிற இறைச்சிக் குழம்பைக் கிண்டிக்கொண்டிருந்தாள். மறுநாள் ஃபெஸ்டா.

"பொய்டி. திருவிழாவுக்கு வராம இருந்துருவியேன்னுதான்." கரண்டியை நீட்டினாள். "உப்பு பாரு."

உப்பு சரியாக இருந்தது. டெல்ஃபினா காரில் ஏறிப் போய்விட்டாள். வேஷம் வேறொருத்திக்குப் போயிற்று.

அவளை மலைக்குக் கூட்டிப்போனது மார்லிஸ். அந்த அநாதைத் தொடரில் உடைகள் தைத்தவள், பிறகு ஹம்போல்ட் மலையில் போய்க் குடியேறிக் கஞ்சா பயிரிட்டவள். போலீஸ் ஹெலிகாப்டர் வந்து செடியைப் பிடுங்கிப்போன காலத்திலிருந்து அங்கே இருந்தவள். "கத்தரிக்கோல் புடிக்கத் தெரியுமில்ல? வா, உக்காந்து இலை வெட்டு. அங்க யாரும் உன்னை அழச் சொல்ல மாட்டாங்க" என்றாள். ஒரு பருவத்துக்கு என்று போனவள் அங்கேயே தங்கிவிட்டாள். நீள மேசையைச் சுற்றி உட்கார்ந்து மொட்டைச் சுற்றியிருக்கும் இலைகளைக் கத்தரிக்கும் வேலை. விரலில் பிசின் ஏறித் தார்க்கட்டி போலாகும். யாரும் யாரையும் நிமிர்ந்து பார்க்க வேண்டியதில்லை. பத்து பேர் இருக்கும் அறையில் தன் முகத்தை யாரும் பார்க்காமல் இருப்பது அவளுக்கு வாழ்க்கையில் அதுதான் முதல் முறை.

சட்டம் மாறி, உரிமம் வாங்கிப் பயிரிடலாம் என்று வந்தபோது மலையில் பாதிப் பேர் அலுவலகம் என்றாலே ஓடினார்கள். ஐந்து வயதிலிருந்து ஒப்பந்தங்களில் கையெழுத்துப் போட்டவளுக்கு அந்தப் பயம் இல்லை. மார்லிஸின் நிலம், டெல்ஃபினாவின் பெயர், இரண்டு பேருமாகத் தொடங்கினார்கள். மொட்டு, களிம்பு, நாக்கடியில் விடும் எண்ணெய்ச் சொட்டு. பொட்டலத்தின் மேல் தன் பழைய முகத்தை, அந்த அழுகிற குழந்தை முகத்தைப் போட வேண்டும் என்று அவளுக்கு ஆசை. நாடு முழுக்கத் தெரிந்த முகம், விளம்பரச் செலவு மிச்சம். அலுவலகத்துப் பெண் படத்தைத் திருப்பிக் கொடுத்தாள்.

"குழந்தைங்க படம் போடக் கூடாதுங்க."

"அது நான்தாங்க."

"இருக்கலாம். ஆனா இந்தப் படத்துல உங்களுக்கு எட்டு வயசுங்களே."

மார்லிஸ் அதைச் சொல்லிச் சொல்லி ஒரு குளிர்காலம் முழுக்கச் சிரித்தாள். கடைசியில் பொட்டலத்தில் ஒரு வால்நட் மரம் வந்தது. அடியில் யாரும் இல்லாத மரம்.

பெரிய கம்பெனிகள் வந்து விலையை அடித்துக் கீழே தள்ளியபோது அக்கம்பக்கத்துப் பண்ணைகள் ஒவ்வொன்றாக மூடின. இவர்கள் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார்கள். அதற்கு ஒரு காரணம் டுலேரியின் கிழவிகள். ஒடீலியா மண்டபத்தில் எல்லோரிடமும், "என் பொண்ணு மலையில தக்காளி போடுறா" என்று சொல்லிவைத்திருந்தாள். யாரும் மறுக்கவில்லை. "அந்தத் தக்காளியில என் முட்டிக்குக் கொஞ்சம் கிடைக்குமா?" என்று சுல்மிராவின் காதைக் கடித்தார்கள். இனிப்பு ரொட்டி டப்பாவுக்குள் களிம்பும் சொட்டும் வைத்து டெல்ஃபினா அத்தைக்கு அனுப்புவாள், காசு அதே டப்பாவில் திரும்பி வரும். ஃபெஸ்டாவில் முட்டி மடக்கி ஜெபம் செய்த கிழவிகளில் பாதிப் பேர் அவள் தயவில்தான் மடக்கினார்கள். ஒடீலியா மட்டும் டப்பாவைத் தொடமாட்டாள். தெரியாததுபோல் இருப்பாள். நடிப்பு மகளுக்கு எங்கிருந்து வந்தது என்று யாரும் தேட வேண்டியதில்லை.

அந்த அக்டோபர் அறுவடை மும்முரத்தில் மழை வரும் என்று சொன்னார்கள். பழுத்து நிற்கும் மொட்டில் மழை பட்டால் பூஞ்சை பிடிக்கும், பிடித்தால் வருஷம் முழுக்கப் பட்ட பாடு எருக்குழிக்குத்தான். இருக்கிற ஆட்களெல்லாம் வயலில் நின்றார்கள். மலையில் தண்ணீர்த் தொட்டிப் பக்கம் மட்டும்தான் போன் எடுக்கும். அங்கே நின்றிருந்தபோது ஒடீலியா கூப்பிட்டாள்.

"கண்ணு, வேலையா இருக்கியா?"

"பறிச்சிட்டிருக்கோம்மா. மழை வருது. சொல்லு."

"வயித்துல என்னமோ வளருதாம். டாக்டர் படம் எடுத்துப் பாத்துட்டாரு." ஓர் இடைவெளி. ஒரு மூச்சு, உள்ளே இழுத்து, நடுங்கி, மெதுவாக வெளியே. "ரொம்ப நாள் இல்லையாம்டி. ஒருதரம் வந்துட்டுப் போயேன்."

அந்த மூச்சுதான். டெல்ஃபினாவின் தொழில் செய்த காது அதைப் பிடித்துக்கொண்டது. எங்கே நிறுத்த வேண்டும், எங்கே குரலை உடைக்க வேண்டும் என்று தெரிந்த ஆள் எடுக்கும் மூச்சு. சமையற்கட்டும் கரண்டியும் உப்பும் கண்முன் வந்தன. அடுத்த வாரம் மண்டபத்தில் ஏதாவது விருந்து இருக்கும். தவிர, அம்மா வாயால் சொல்கிறாள். கணக்குச் சரியாக இருந்தது.

"அம்மா, நல்லாத்தான் இருந்துச்சு," என்றாள். "ஆனா 'ரொம்ப நாள்'னு சொல்றதுக்கு முன்னாடி ஒரு மூச்சு எடுத்த பாரு, அது கொஞ்சம் ஓவர். இன்னொரு டேக் போலாமா?"

எதிர்ப் பக்கம் நாற்காலி நகர்கிற சத்தம் கேட்டது. பிறகு ஒடீலியா சிரித்தாள்.

"ஆமாண்டி. கொஞ்சம் ஜாஸ்தியாத்தான் போயிருச்சு. சரி, மழை வர்றதுக்குள்ள உன் தக்காளியப் பறி. வச்சுடறேன்."

டெல்ஃபினா இறங்கி வந்து இதை மேசையில் எல்லோருக்கும் நடித்துக் காட்டினாள். அந்த மூச்சை அப்படியே எடுத்துக் காட்டினாள். அறையே சிரித்தது. மார்லிஸ் மட்டும் கத்தரிக்கோலை வைத்துவிட்டு, "சும்மா ஒரு எட்டுப் போய்ப் பாத்துட்டு வாயேன். நாங்க இருக்கோம்ல" என்றாள்.

"உனக்கு அவளைத் தெரியாது மார்லிஸ்."

மழைக்கு முன்னால் பறித்து முடித்தார்கள். தலைகீழாகக் கட்டித் தொங்கவிட்டு உலர்த்தி, கத்தரித்து, கண்ணாடி ஜாடிகளில் அடைத்தார்கள். பிறகு தினமும் மூடியைத் திறந்து ஈரக் காற்றை வெளியே விட்டு மூட வேண்டும், இல்லாவிட்டால் உள்ளேயே புழுங்கிக் கெட்டுவிடும். அவசரப்படுத்த முடியாத வேலை. நடுவில் இரண்டு முறை அம்மாவை அழைத்தாள். ஒடீலியா உற்சாகமாகவே பேசினாள். விளைச்சல் எப்படி, மழை எப்படி என்று கேட்டாள். உடம்பைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பார்த்தாயா, மறந்தே போய்விட்டாள் என்று டெல்ஃபினா நினைத்துக்கொண்டாள்.

நவம்பரில், ஜாடிகளைத் தண்ணீர்த் தொட்டிப் பக்கம் கொண்டுவந்து திறந்து மூடிக்கொண்டிருந்தபோது சுல்மிரா கூப்பிட்டாள். ரொட்டி டப்பா வேண்டும் என்றுதான் ஆரம்பித்தாள்.

"இந்தத் தடவை சொட்டு கொஞ்சம் அதிகமா வைடி. மண்டபத்துச் சமையல் இப்ப என் தலையில விழுந்துருச்சு, முட்டி கேக்கவே மாட்டேங்குது."

"உங்க தலையிலயா? அம்மா விட்டுருவாளா அத்தை?"

"அண்ணிதான் சாவிய என்கிட்ட குடுத்துட்டாளே."

டெல்ஃபினாவின் கையிலிருந்த ஜாடி மூடி அப்படியே நின்றது. மண்டபத்துச் சமையற்கட்டுச் சாவி ஒடீலியாவின் கழுத்துச் சங்கிலியில் மாதா படத்தோடு தொங்கும். மண்டபத்துத் தலைவரே கேட்டும் தராதவள். கணவன் இறந்த வாரம்கூட அதைக் கழற்றாமல் போய் நாற்பது பேருக்குச் சமைத்தவள். ஸ்கேன் படமோ டாக்டரோ செய்ய முடியாததை அந்தச் சாவி செய்தது.

"அத்தை, அம்மாவுக்கு என்ன?"

சுல்மிராவின் குரல் தாழ்ந்தது. "உனக்குச் சொல்லிட்டேன்னு சொன்னாளே. நீ அறுவடை முடிஞ்சு வர்றேன்னு சொன்னதா சொன்னாளேடி."

காலையில் கிளம்பி நாள் முழுக்க ஓட்டினாள். பள்ளத்தாக்கில் பனிமூட்டம் இறங்கி, முன்னால் போகிற லாரியின் சிவப்பு விளக்கைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. அந்த விளக்கின் பின்னாலேயே ஊர்ந்தாள். கண் வறண்டுதான் இருந்தது. இன்னொரு டேக் போலாமா என்று தான் சொன்ன குரல் மட்டும் காரில் கூடவே வந்தது. எவ்வளவு கச்சிதமாகச் சொன்னோம், எவ்வளவு நல்ல நேரம் பார்த்துச் சொன்னோம் என்று நினைக்க நினைக்க அவளுக்குத் தன் நாக்கைப் பிடுங்கிப் போடலாம் போலிருந்தது.

ஒடீலியா முன்னறையில் வாடகைக்கு எடுத்த ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தாள். பாதிதான் இருந்தாள். ஜன்னல் வழியே வால்நட் மரம் இலையில்லாமல் நின்றது. மகளைப் பார்த்ததும் முதலில் கேட்டது, "மழைக்குள்ள பறிச்சிட்டியா?"

"பறிச்சிட்டேம்மா."

"அப்ப சரி."

வலிக்கு நர்ஸ் கொடுத்த மருந்து குமட்டியது, எதுவும் உள்ளே தங்கவில்லை. இரண்டாவது நாள் டெல்ஃபினா தயங்கித் தயங்கித் தன் பையிலிருந்து குப்பியை எடுத்தாள். வால்நட் மரம் போட்ட குப்பி. ஒடீலியா அதை வாங்கி ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்தாள். மரத்தைப் பார்த்தாள், வெளியே இருந்த மரத்தையும் பார்த்தாள்.

"இதுதான் அந்தத் தக்காளிச் சாறா?"

"நாக்கை மேல தூக்கு. ரெண்டு சொட்டு."

விட்டாள். ஒடீலியா முகத்தைச் சுளித்தாள். "கசக்குதுடி. இதுக்கா லைசென்ஸ் குடுத்தாங்க? சுல்மிரா இதையா இத்தனை வருஷமா நக்கிட்டிருக்கா?"

"உனக்குத் தெரியுமா?"

"அந்த டப்பாவ மோந்து பாத்தா மாட்டுக்கே தெரியுமேடி."

அன்று சாயங்காலம் சோப்பாஸ் குழம்பில் ஊறிய ரொட்டியை நாலு வாய் சாப்பிட்டாள், தங்கியது. உப்பு குறைவு என்று சுல்மிராவை வைதாள். அடுத்த சில நாட்கள் அவர்களுக்குக் கிடைத்த நல்ல நாட்கள். டெல்ஃபினா ஆறு வாரத்துக்கு முன்னால் வந்திருந்தால் இன்னும் எத்தனை கிடைத்திருக்கும் என்ற கேள்வி அந்த அறையில் எப்போதும் இருந்தது, இரண்டு பேரும் அதைச் சுற்றிப் போய்வந்தார்கள். ஒரு மத்தியானம் டெல்ஃபினாவால் தாங்க முடியவில்லை.

"அம்மா, அன்னைக்குப் போன்ல நான் சொன்னது..."

"நீ சொன்னது சரிதான். அந்த மூச்சு ஓவர்."

"அப்படிச் சொல்லாதம்மா."

"இல்லடி, கேளு. போனை எடுக்கும்போதே எனக்குப் பயம். சும்மா சொன்னா நீ நம்ப மாட்டேன்னு. அதான் கொஞ்சம் சேத்துக்கிட்டேன்." ஒடீலியா கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "உண்மைய எப்படிச் சொல்றதுன்னு எனக்குத் தெரியல. பொலோட்டா போனப்பவும் தெரியல. உங்க அப்பா போனப்பவும் தெரியல. இந்த ஒருதடவை சொல்லிப்பாத்தேன். நடிப்பா போச்சு."

டெல்ஃபினா அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். மன்னிப்பு யார் யாரிடம் கேட்பது என்று இரண்டு பேருக்குமே தெரியவில்லை, கேட்காமலே விட்டுவிட்டார்கள்.

பிறகு சொட்டும் போதவில்லை, நர்ஸின் மருந்தும் போதவில்லை. பேச்சு குறைந்தது. ஒரு நாள் பனி விலகி, பத்து நாளுக்குப் பிறகு வெயில் கட்டில்வரை வந்தது. டெல்ஃபினா ஈரத் துணியால் அம்மாவின் உதட்டைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கழுத்தில் சங்கிலி இருந்தது, மாதா படம் இருந்தது, பக்கத்தில் சாவி இருந்த இடத்தில் தோல் மட்டும் வெளுத்திருந்தது. அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். யாரும் காதில் எதுவும் சொல்லவில்லை. அவளே மனசுக்குள் எதுவும் சொல்லிக்கொள்ளவில்லை. கண்ணிலிருந்து தண்ணீர் தானாக இறங்கியது. நிற்கவில்லை. தோள் குலுங்கியது, மூக்கு ஒழுகியது, கேமராவுக்கு ஆகவே ஆகாத அழுகை.

ஒடீலியா கண்ணைத் திறந்தாள். மகள் அழுவதைப் பார்த்தாள். விரலை அசைத்துக் கிட்டே வா என்றாள். டெல்ஃபினா குனிந்தாள். அந்தக் கை மேலே வந்து அவள் முடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கியது. காய்ந்த உதடு காதைத் தொட்டது.

"பொய்டி கண்ணு. எல்லாம் பொய். பொலோட்டா வீட்டுல இருக்கு."

"நிஜமா பொய்யா?" என்று டெல்ஃபினா கேட்டாள். ஐந்து வயதில் கேட்ட அதே கேள்வி, தானாக வந்தது.

காதைக் கொடுத்தபடியே காத்திருந்தாள். வெயில் கட்டிலிலிருந்து தரைக்கு நகர்ந்தது. சுல்மிரா குழம்புக் கிண்ணத்தோடு உள்ளே வந்தவள் வாசலிலேயே நின்றாள். ஒடீலியாவின் முகத்தைப் பார்த்தாள். கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு மெல்ல வந்து டெல்ஃபினாவின் முதுகைத் தொட்டாள்.

"நிமிருடி. போயிட்டாடி."

டெல்ஃபினா நிமிரவில்லை.

"இருங்க அத்தை," என்றாள். "அவ இன்னும் பதில் சொல்லல."